நினைவுண்ணும் உயிர்: மேனாட்டுக் கதைகள் மூன்றினைப் பற்றிய ஒரு நோக்கு

யாழ்ப்பாணத்து மாமரங்களிலே குருவிச்சை படர்ந்திருப்பதைக் காணாதார் இலர். பறவையொன்று அதன் கனியை உண்டு, பசை பொருந்திய வித்தைக் கிளையிலே தேய்த்துவிட்டுப் பறந்து செல்கின்றது. வித்து அவ்விடத்தே முளைத்து, பட்டையைத் துளைத்து, வேர் தேடிக்கொணர்ந்த நீரை இடையிலே நின்று உறிஞ்சி வளர்கின்றது. சேய்மையில் நின்று நோக்குவோனுக்கு மரம் செழித்திருப்பதாகவே தோன்றும். அச்செழிப்பு மரத்தினதன்று என்பதை அணுகிச் சென்றவனே அறிவான். உடலை உண்டு வாழும் உயிர்களின் இயல்பு இது. இனி, மனிதனுடைய எண்ணத்தையும் நினைவையும் உண்டு வாழும் உயிரொன்று உளதாயின் அஃது எங்ஙனம் இருக்கும்? விலங்கியல் நூல்களில் அத்தகைய உயிருக்கு இடமில்லை. ஆயினும் மேனாட்டுக் கதையாசிரியர் சிலர் அதனைப் படைத்து, பெயருமிட்டு, வாசகர் நெஞ்சில் உலவவிட்டிருக்கின்றனர். அவ்வாறு எழுந்த நூல்களுள் மூன்றினை ஈண்டு எடுத்து ஆராய்வோம்.

நம்மவர் மரபிலே நினைவைத் தின்ற உயிரொன்று கற்பனையாகவன்றி மெய்யாகவே உண்டு. அது செல். தில்லையிலே மூவர் பதிகங்கள் எழுதிய ஏடுகள் அறையொன்றிற் பூட்டுண்டு கிடந்து, திறந்து பார்த்தபோது செல்லரித்துப் போயிருந்த செய்தியைத் திருமுறைகண்ட புராணம் கூறுகின்றது. பிற்காலத்தே ஏடு தேடி அலைந்த சி. வை. தாமோதரம்பிள்ளையும் உ. வே. சாமிநாதையரும் இதே உயிரோடு போராடியவர்களே. தில்லைக் கதையைச் சிறுவயதிற் கேட்டபோது எனக்கு எழுந்த ஐயம் ஒன்று இன்றும் நீங்கவில்லை. தின்றது செல், பூட்டியது யார்? திறந்து பாராமல் அத்துணைக் காலம் வாளாவிருந்தவர் யார்? செல்லின்மேற் குற்றம் சுமத்துதல் மழையின்மேற் குற்றம் சுமத்துதல் போன்றது. ஆதலின் வினா செல்லைக் கடந்து, பூட்டுப் போட்ட கையை நோக்கியே செல்லும். நினைவுண்ணும் உயிரைப் பற்றி எவர் கதை எழுதினும் அவரிடத்தும் இவ்வினாவையே முதற்கண் கேட்டல் வேண்டும் என்பது என் கருத்து. அவ்வுயிரை உள்ளே விட்டவன் யார்? அது தின்றபின் எஞ்சி நிற்பவன் மறந்துபோனது யாரை?

முதலில் எடுத்துக்கொள்வது கொலின் வில்சன் 1967ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘மன ஒட்டுண்ணிகள்’ என்னும் நாவல். காலமுறைப்படி இஃது இடையிலே நிற்பது. ஆயினும் நினைவுண்ணிக் கொள்கையை ஒளிவுமறைவின்றி முழுதாக எடுத்துரைப்பது இதுவே ஆதலின் இங்கிருந்து தொடங்குதல் எளிது. வில்சன் 1931இல் இங்கிலாந்தின் லெஸ்ரர் நகரிலே சப்பாத்துத் தொழிற்சாலைத் தொழிலாளி ஒருவரின் மகனாய்ப் பிறந்தவர். பல்கலைக்கழகப் படிப்பு இல்லாதவர். பிரித்தானிய நூதனசாலையின் வாசிகசாலையிலே இருந்து அவர் எழுதிய ‘புறத்தான்’ என்னும் நூல் 1956இல் வெளிவந்தபோது அவருக்கு வயது இருபத்துநான்கு. ஒரே இரவிற் புகழ் வந்தது. வந்த விரைவிலேயே பத்திரிகைகள் அவரைக் கைவிட்டன. 1962இல் வெளிவந்த திறனாய்வு நூலொன்றில், அமெரிக்கத் திகிற்கதை ஆசிரியரான லவ்கிறாவ்ற் என்பாரை அவர் கடுமையாகத் தாக்கினார். லவ்கிறாவ்ற் 1937இலேயே மறைந்துவிட்டார். அவர் நூல்களைப் பேணிப் பதிப்பித்துவந்த ஓகஸ்ட் டேர்லெத் என்பவர், குறை கூறுவதை விட்டு அத்தகைய கதையொன்றை நீரே எழுதிக் காட்டும் என்றாராம். அவ்வறைகூவலிற் பிறந்ததே இந்நாவல். பிறந்த வரலாறு நூலின் தன்மையையும் ஒருவாறு காட்டும். திகிற்கதையின் சட்டையை அணிந்துகொண்டு மெய்யியல் பேசும் நூல் இது.

கதை வருங்காலத்தில் நிகழ்வது. கில்பேட் ஒஸ்ரின் என்னும் தொல்பொருள் ஆராய்ச்சியாளனின் நண்பன் காறெல் வைஸ்மன் தற்கொலை செய்துகொள்கின்றான். உளவியலறிஞனும் உறுதி படைத்தவனுமாகிய அவன் அங்ஙனம் மாண்டது ஒஸ்ரினுக்குப் புரியவில்லை. நண்பன் விட்டுச்சென்ற ஆராய்ச்சிக் குறிப்புகளைப் பின்னர்ப் படிக்கும்போதே உண்மை புலனாகின்றது. இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேலாகக் கண்காணா உயிர்கள் மனித மனத்தின் ஆழத்திற் குடியிருந்து அதன் ஆற்றலை உறிஞ்சி வருகின்றன என்பதே வைஸ்மன் கண்ட முடிவு. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதிவரை கலைஞர் பெரும்பாலும் உறுதியும் சமநிலையும் உடையவராய் இருந்தனர். அதன்பின் வந்தோரோ இளமையில் மாய்ந்தும் தம்முயிரைத் தாமே போக்கியும் அறிவு திரிந்தும் போயினர். இம்மாற்றத்துக்குக் காரணம் காலமன்று, ஒட்டுண்ணியே என்கின்றான் அவன். துருக்கி நாட்டிற் கறாதெப்பே என்னுமிடத்தில் நிலத்தடியிற் கண்டறியப்படும் பேருருவக் கற்களும் உலகத்தின் கவனத்தைத் திசைதிருப்ப அவ்வுயிர்கள் வகுத்த சூழ்ச்சியே என்பது பின்னர் வெளிப்படும். ஹுசேர்ல் என்னும் மெய்யியலறிஞர் வகுத்த அகநோக்கு முறையைப் படைக்கலமாகக் கொண்டு ஒஸ்ரினும் அவன் தோழர் சிலரும் அவற்றை எதிர்த்துப் போராடுகின்றனர்.

இந்நூலின் முற்பகுதியிலே உயர்ந்த எழுத்து உண்டு. ஒரு கருத்தைப் பற்றி ஆழ்ந்து எண்ணிக்கொண்டிருக்கின்றோம். தெளிவின் வாயிலுக்கு வந்துவிட்டோம் என்று தோன்றும் அக்கணத்திலேயே காரணமின்றிச் சோர்வு வருகின்றது, அற்பமான வேறொரு நினைவு குறுக்கிடுகின்றது, எண்ணத் தொடங்கியது யாதென்பதே மறந்துபோகின்றது. இந்த அனுபவம் படிப்பில் ஈடுபட்ட எவருக்கும் புதிதன்று. பரீட்சைக்கு முதல்நாள் இரவு விளக்கின்முன் இருந்த மாணவனைக் கேட்டால் அவனும் சொல்வான். அச்சோர்வுக்குப் பின்னால் ஒருவன் நின்று அதனை ஏவுகின்றான் என்று வில்சன் சொல்லும்போது நமக்கு முதுகு சில்லிடுகின்றது. மனத்தை உள்நோக்கிப் பார்க்கும்போது கடைக்கண்ணிற் பட்டும் படாமலும் ஏதோவொன்று வழுவி மறைவதை வைஸ்மன் உணரும் பகுதியை நான் மும்முறை படித்திருக்கின்றேன்.

ஆயினும் இக்கற்பனை தனிமனிதனின் அறையை விட்டு வரலாற்றின் வீதிக்கு வந்தவுடன் பொய்யாகிவிடுகின்றது. சோர்வும் போரும் தற்கொலையும் நம்பிக்கையின்மையும் யாவும் ஒட்டுண்ணியின் வேலை என்றால், மனிதன் செய்தது யாது? அவன் இருநூறாண்டுகளாக ஒன்றும் செய்யாத குழந்தையாகிவிடுகின்றான். வைஸ்மனின் கண் கவிஞர்மீதும் இசைவாணர்மீதும் நிலைத்திருக்கின்றது. அவன் சுட்டும் அதே காலத்திலேதான் இலங்காஷயர் ஆலைகளிற் சிறுவர் இயந்திரங்களினிடையே உழன்றனர். 1807ஆம் ஆண்டின் சட்டம் தடுக்கும்வரை ஆங்கிலக் கப்பல்கள் அத்திலாந்திக் கடலைக் கடந்து அடிமைகளை ஏற்றிச் சென்றன. நம்பிக்கையிழந்த கவிஞனின் நாடியைப் பிடித்துப் பார்த்து நூற்றாண்டின் நோயை அறிய முற்பட்டவன், ஆலையிலே கைவிரல் இழந்த சிறுவனின் நாடியையும் பார்த்திருந்தால் ஒட்டுண்ணியைத் தேடித் தன்மனத்துள் அத்துணை ஆழம் செல்லவேண்டியிராது. சப்பாத்துத் தொழிலாளியின் மகன் எழுதிய நூலில் இம்மறதி நேர்ந்தது எனக்கு வியப்பையும் வருத்தத்தையும் ஒருங்கே தருகின்றது. நூலின் பிற்பகுதியிலே வெற்றியாளர் கைகொண்டு தொடாமலே பொருள்களை அசைக்கும் ஆற்றல் பெற்று, விண்வெளிக்கும் செல்கின்றனர். அப்பகுதியைப் பற்றி விரித்துரைக்க வேண்டுவதில்லை. வெல்லுதற்கு இத்துணை எளிதான பகைவன் நம்மை அஞ்சுவிப்பதெங்ஙனம்?

இவ்வளவு கடிந்துரைத்தபின் என் மனத்தை உறுத்தும் ஒரு நிகழ்ச்சியையும் சொல்லவேண்டியவனாகின்றேன். எமக்கு இளமையில் இலக்கணம் கற்பித்த ஆசிரியர் ஒருவர் முதுமையில் நினைவிழந்தார். நான் கடைசியாகச் சென்று கண்டபோது என்னை அறிந்தாரில்லை. மூத்த மகனைத் தம் தம்பியென்று எண்ணி அழைத்தார். ஆனால் நன்னூற் சூத்திரத்தின் முதற்சொல்லை எடுத்துக்கொடுத்தால் மிகுதியைப் பிழையின்றிச் சொல்லி முடித்தார். மரம் பட்டபின்னும் ஒரு கிளை மாத்திரம் தளிர்த்திருந்ததுபோல் இருந்தது அது. விடைபெறும்போது அவர் மனைவியார் வாயிற்படியிலே நின்று, “தம்பி, ஏதோ ஒண்டு உள்ளுக்கை இருந்து அவரைத் தின்னுது. அவர் எங்களை மறக்கேல்லை, அதுதான் மறக்கப்பண்ணுது” என்றார். 1906ஆம் ஆண்டில் அல்சைமர் என்னும் செருமானிய மருத்துவர் முதன்முதல் எடுத்துக்காட்டிய நோயைப் பற்றி அவ்வம்மையார் அறிந்திருந்தாரோ அறியேன். அறிந்திருந்தாலும் அவ்விதமே சொல்லியிருப்பார். கணவனையும் கணவனின் மறதியையும் வேறு வேறாகப் பிரித்து, மறதியைக் கடியவும் கணவனை அன்பு குன்றாது பேணவும் அக்கற்பனை அவருக்கு உதவிற்று. அதனைப் பொய்யென்று சொல்ல எனக்கு நா எழவில்லை.

ஆதலின் நினைவுண்ணி என்னும் கற்பனையே தவறென்பது என் வழக்கன்று. நோயுற்றோன்மேல் வைத்தால் அது கருணையாகின்றது. குற்றஞ்செய்தோன்மேல் வைத்தால் சாட்டாகின்றது. ஒரே உயிர், ஏறிய மரத்துக்கேற்பக் கனி மாறுகின்றது. இவ்வேறுபாட்டை உணர்ந்து எழுதியவர்கள் இருக்கின்றார்களா என்பதே அடுத்த கேள்வி.

இருக்கின்றனர். ஸ்ரீவன் ஹோல் என்னும் ஆங்கிலேயர் 2007இல் வெளியிட்ட முதல் நாவல் அத்தகையது. மைக்கறையைக் காட்டி உளநிலை அறியும் றோஷாக் சோதனையின் பெயரையும் சுறாமீனின் பெயரையும் ஒலியொப்புமையாற் கலந்து அமைத்த அதன் தலைப்பைத் தமிழில் அவ்வாறே பெயர்த்தல் இயலாது; ‘சுறா ஏடுகள்’ என்று நாம் வைத்துக்கொள்வோம். எறிக் சாண்டேசன் என்பவன் ஒருநாள் தன் வீட்டுத் தரையிலே கண்விழிக்கின்றான். தான் யாரென்பது அவனுக்குத் தெரியவில்லை. காதலியை இழந்த துயரத்தால் நேர்ந்த மனநோய் இது என்கின்றார் மருத்துவர். ஆனால் நினைவிழக்குமுன் இருந்த ‘முதலாவது எறிக்’ எழுதிவைத்த கடிதங்கள் ஒவ்வொன்றாய் அவனை வந்தடைகின்றன. நோயன்று, கருத்துலக நீரோட்டங்களில் நீந்தித் திரியும் சுறாவொன்று உன் நினைவுகளைத் தின்றது. மீண்டும் வரும் என்கின்றன அவை. மனிதர் பேசும் பேச்சும் எழுதும் எழுத்தும் எண்ணும் எண்ணமும் கலந்தோடும் வெள்ளமே அதன் கடல். அதன் மோப்பத்தினின்று தப்புதற்கு எறிக் கையாளும் உபாயம் வியக்கத்தக்கது. வேறு வேறு மனிதரின் குரல் பதிந்த ஒலிப்பதிவுக் கருவிகளைத் தன்னைச் சூழ நாற்புறமும் ஒலிக்கவிட்டு, அந்நியர் எண்ணங்களாலான வேலிக்குள்ளே தன் எண்ணத்தை ஒளித்துக்கொள்கின்றான்.

அச்சுறா நூலின் தாள்களிலே எழுத்துக்களால் ஆன உருவமாக வருகின்றது. பக்கத்துக்குப் பக்கம் அது பெருத்துக்கொண்டு வாசகனை நோக்கி நீந்தி வரும் பகுதியிலே சொல் இல்லை, வாக்கியம் இல்லை. வாய் மாத்திரமே உண்டு. இஃது அச்சுக்கூடத்து வித்தை என்று சிலர் தள்ளுவர். நான் அங்ஙனம் கருதவில்லை. நினைவைத் தின்னும் உயிரைச் சொல்லால் வருணித்தால் அச்சொற்களாவது தின்னப்படாமல் எஞ்சினவே என்னும் முரண்பாடு எழும். அதனை உணர்ந்து, வருணனையையே தின்னக்கொடுத்தார் ஹோல். நாவலின் இறுதிப் பகுதி 1975இல் வந்த ‘ஜோஸ்’ என்னும் சுறாத் திரைப்படத்தை வேண்டுமென்றே அடியொற்றிப் படகுவேட்டையாகிவிடுவதும், பல உடல்களிற் புகுந்து பெருகும் மைக்கிறொவ்ற் வாட் என்னும் வேறொரு பகைவன் இடையிலே திணிக்கப்பட்டிருப்பதும் குறைகளே. இளம் ஆசிரியர் ஒருவர் தமக்குத் தெரிந்த எல்லாவற்றையும் முதல் நூலிலேயே போட்டுவிட்டார்.

ஆயினும் நம் வினாவுக்கு அவர் விடை தெளிவானது. சுறா தானாக வரவில்லை. கிரேக்கத் தீவொன்றிலே நீரில் மூழ்கி மாண்ட கிளியோ என்னும் காதலியை எவ்விதமாயினும் அழியாது வைத்துக்கொள்ள வேண்டுமென்ற வேட்கையால், முதலாவது எறிக் தானே அதனைத் தேடிச் சென்றான். நினைவைக் காத்தற்கென்று தேடிய உயிர் நினைவைத் தின்றது. பூட்டிய கையும் இழந்த நெஞ்சும் ஒருவனுடையனவே. அவன்மேற் குற்றமும் உண்டு, இரக்கமும் உண்டு. எஞ்சிய எறிக் தான் அறியாத ஒருத்திக்காகத் துயருறும் பகுதிகளிலே, நம் ஆசிரியரின் மனைவியார் வாயிற்படியிலே நின்ற காட்சி எனக்கு நினைவு வந்தது.

இனி, இம்மூன்றனுள் முந்தியதும் என் எண்ணத்தில் முதன்மையானதுமான கதைக்கு வருவோம். பிரெஞ்சுச் சிறுகதை வல்லுநர் மாப்பசான் எழுதிய ‘ஓர்லா’ அது. அவர் அதனை இருமுறை எழுதினார். முதல் வடிவம் 1886ஆம் ஆண்டு ஒக்ரோபர் மாதத்தில் ‘ஜில் பிளா’ என்னும் பத்திரிகையில் வந்தது. மருத்துவர் ஒருவர் தம்மொத்த அறிஞரைக் கூட்டி, அவர்கள்முன் தம் நோயாளியைப் பேசவிடும் அமைப்பு அது. அடுத்த ஆண்டே கதையை முற்றாகத் திருத்தி, மே 8ஆந் திகதி தொடங்கிச் செப்ரெம்பர் 10ஆந் திகதி முடியும் நாட்குறிப்பாக அதனை மாற்றினார். இன்று உலகம் பெரிதும் படிப்பது இரண்டாம் வடிவத்தையே.

மாப்பசான் நோயால் அறிவு திரிந்து, 1892ஆம் ஆண்டின் தொடக்கத்தில் தற்கொலைக்கு முயன்று, 1893 யூலை மாதத்தில் பாரிசு நகர மருத்துவமனையொன்றில் நாற்பத்திரண்டாம் வயதில் இறந்தவர். அதனால் ‘ஓர்லா’வைக் கதையென்று கொள்ளாது நோயாளியின் வாக்குமூலமென்று கொள்வோர் பலர். இக்கொள்கை எனக்கு உடன்பாடன்று. 1887க்குப் பின்னரும் அவர் ‘பியேரும் ஜானும்’ போன்ற செம்மையான நாவல்களை எழுதினார். மேலும், ஒரே கதையை இருமுறை எழுதி, எதனை நீக்குவது எதனைச் சேர்ப்பது என்று ஆராய்ந்த கை, நோயின் கையன்று. அவர் எதனைச் சேர்த்தார் என்பதைச் சற்றுப் பின்னர்க் காண்போம்.

கதைசொல்வோன் றூவான் நகருக்கு அண்மையிற் சேன் நதிக்கரையில் வாழும் செல்வன். மே மாதத்து இனிய காலையொன்றில் நதிவழியே செல்லும் கப்பல்களைப் பார்த்துக்கொண்டிருக்கின்றான். மூன்று பாய்மரங்கள் கொண்ட வெண்ணிறப் பிறேசில் நாட்டுக் கப்பலொன்று வருகின்றது. காரணமின்றி, அதன் அழகில் மகிழ்ந்து, அதற்கு வணக்கம் செலுத்துகின்றான். சில நாட்களிற் காய்ச்சல் காண்கின்றது. இரவிலே மார்பின்மேல் யாரோ ஏறியமர்ந்து வாயினின்று உயிரை உறிஞ்சுவதுபோன்ற கனவு வருகின்றது. படுக்கையருகே வைத்த நீர் காலையிற் காணப்படவில்லை. இவன் மூடநம்பிக்கை உடையவனல்லன் என்பதை ஆசிரியர் வற்புறுத்துகின்றார். நீரும் பாலும் வைத்த பாத்திரங்களை வெண்டுணியாற் சுற்றி மூடியைக் கட்டி, தன் உதட்டிலும் தாடியிலும் கைகளிலும் பென்சிற்கரியைப் பூசிக்கொண்டு உறங்குகின்றான். விடிந்து பார்த்தால் துணியிற் கறை இல்லை. நீரும் பாலும் இல்லை. ஆய்வுகூடத்து மாணவன் செய்வதுபோன்ற சோதனை இது. அறிவியல் முறை வழுவாது நடந்து, அறிவியல் ஏற்காத முடிவுக்கு வந்துசேர்கின்றது.

பின்னர் அவ்வுயிர் எண்ணத்தையே தின்னத் தொடங்குகின்றது. தப்பியோடக் கருதி நகருக்குச் சென்றவன், புகையிரத நிலையத்துக்கு விடு என்று வண்டியோட்டிக்குச் சொல்ல எண்ணுகின்றான். வாயினின்று வருவதோ வீட்டுக்கு விடு என்னும் கூச்சல். எண்ணத்துக்கும் நாவுக்கும் இடையேயுள்ள அந்தக் கடுகளவு வெளியிலே புகுந்து ஒரு சொல்லைத் தின்று வேறொரு சொல்லை வைத்துவிட்டது அது. இறுதியாக அவன் கண்ணாடியின்முன் நிற்கும்போது கண்ணாடி வெறுமையாக இருக்கின்றது. இடையிலே ஒன்று நின்று அவன் உருவத்தையும் விழுங்கிவிட்டது.

இக்கதையின் நடுவே அவன் பாரிசுக்குச் சென்றிருந்தபோது நிகழ்ந்ததாக வரும் ஒரு பகுதியைப் படிப்போர் பலர் கிளைக்கதையென்று கடந்துவிடுவர். மருத்துவர் ஒருவர் அவனுடைய உறவுப் பெண்ணை மனோவசியத்துக்கு உட்படுத்தி, மறுநாட் காலையில் எழுந்து இவனிடம் ஐயாயிரம் பிராங்கு கேட்கும்படி ஏவுகின்றார். அவள் வந்து கேட்கின்றாள். தன் கணவன் கேட்டான் என்கின்றாள்; கடிதம் எழுதினானா என்றால் எழுதினான் என்கின்றாள்; கடிதம் எங்கே என்றால் எரித்துவிட்டேன் என்கின்றாள். இல்லாத கடிதத்தை எரித்த நினைவு அவளுக்கு உண்டு! இங்கே கண்காணா உயிர் எதுவும் இல்லை. ஒரு மனிதன் விருந்தினர்முன் விளையாட்டாக மற்றொரு மனிதப் பிறவியின் நினைவைத் தின்று பொய்ந்நினைவை வைத்துவிட்டான். ஓர்லா செய்வதையெல்லாம் மனிதன் மனிதனுக்கு முன்னமே செய்துகொண்டிருக்கின்றான் என்பதை மாப்பசான் இவ்விடத்திற் சொல்லாமற் சொல்லிவிட்டார்.

யார் உள்ளே விட்டது என்னும் வினாவுக்கும் இக்கதையில் விடை உண்டு. ஓகஸ்ட் மாதத்தில், பிறேசில் நாட்டின் சாவோ பாவுலோ மாகாணத்தில் மக்கள் கண்காணா உயிர்களுக்கு அஞ்சி வீடுகளை விட்டோடும் செய்தியை அவன் படிக்கின்றான். வெண்கப்பல் நினைவுக்கு வருகின்றது. தான் வணக்கம் செலுத்தியதும் நினைவுக்கு வருகின்றது. அழகிய கப்பலைக் கண்டு கையுயர்த்தியது பாவமன்று. ஆனாலும் வாயிலைத் திறந்தது அக்கையே என்பதை அவன் அறிகின்றான். வில்சனின் மாந்தர் ஒருபோதும் பெறாத அறிவு இது.

இனி வேலைக்காரரைப் பற்றிச் சொல்லவேண்டும். நாட்குறிப்பிலே அவர்கள் அங்குமிங்கும் தோன்றுகின்றனர். யூலை மாதத் தொடக்கத்தில் அவன் பயணத்தினின்று திரும்பியபோது வண்டிக்காரன் வெளிறிப்போயிருக்கின்றான். என்னவென்று கேட்டால், தன் இரவுகள் தன் பகல்களைத் தின்றுவருவதாக விடையிறுக்கின்றான். இப்பெருங்கதையின் பொருளையெல்லாம் ஒரே மூச்சிற் சொல்லிவிட்ட கூற்று அது. அதனைச் சொன்னவன் படித்த செல்வனல்லன், குதிரை பார்க்கும் பணியாள். இன்னொரு நாள் அலுமாரியிற் கண்ணாடிக் குவளைகள் உடைந்து கிடக்க, ஏவலாளன் சமையற்காரியையும், சமையற்காரி துணி தைப்பவளையும் குற்றஞ்சாட்டிச் சச்சரவிடுகின்றனர். நாட்குறிப்பை எழுதுவோனுக்கு அவர்கள் அனைவரையும் தெரியும். அவர்களும் அதே உயிரின் வாய்ப்பட்டவர்கள் என்பதும் தெரியும்.

அவன் இரும்புக் கதவும் இரும்பு யன்னற்பலகைகளும் செய்வித்து, ஓரிரவிலே ஓர்லாவை அறைக்குள்ளே வைத்துப் பூட்டுகின்றான். விளக்கெண்ணெயைக் கம்பளத்திலும் தளபாடங்களிலும் ஊற்றி நெருப்பிட்டு, தலைவாயிலையும் பூட்டிக்கொண்டு, தோட்டத்தின் கோடியிலே புதரிடையே ஒளிந்து நின்று பார்க்கின்றான். வீடு எரிகின்றது. அப்பொழுது பெண்ணொருத்தியின் அலறல் இரவைக் கிழிக்கின்றது. மேல்மாடத்திலே இரண்டு யன்னல்கள் திறக்கின்றன. வேலைக்காரரை அவன் மறந்துவிட்டான். வண்டிக்காரனும் அங்கே இருந்தானா என்பதைக் கதை சொல்லவில்லை.

முதல் வடிவத்தில் இந்நெருப்பு இல்லை. நோயாளியின் பேச்சு முடிந்ததும், இவர் பித்தரோ அன்றி நாம் இருவருமே பித்தரோ அன்றி நமக்குப்பின் உலகை ஆள்வோன் வந்துவிட்டானோ என்று மருத்துவர் ஐயுறுவதோடு அது முடிகின்றது. வீட்டையும் நெருப்பையும் மறக்கப்பட்ட மனிதரையும் 1887இலே மாப்பசான் சேர்த்தார். திகிலை மிகுவிப்பதற்கே சேர்த்தாரென்று கொள்வோர் கொள்க. எனக்கு அஃது ஆசிரியர் தாமே தம் கதையின்மேல் எழுதிய தீர்ப்பாகத் தோன்றுகின்றது. தன் எண்ணத்தின் ஒவ்வோர் அசைவையும் நாள்தோறும் குறித்துவைத்தவன், நீர்ப் பாத்திரத்தின் கட்டையும் முடிச்சையும் நினைவில் வைத்தவன், தன் கூரையின்கீழ் உறங்கிய மனிதரை மறந்தான். அந்நினைவை ஓர்லா தின்றதென்று அவன் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தன் மறதியென்றே எழுதுகின்றான். கண்காணா உயிரின்மேல் எல்லாவற்றையும் ஏற்றிவந்த நாட்குறிப்பிலே, இவ்வொன்றுக்கு மாத்திரம் சாட்டு இல்லை.

அவன் உதவி நாடி ஊரை நோக்கி ஓடுகின்றான். வழியிலே ஏற்கெனவே வந்துகொண்டிருந்தவர்களைச் சந்தித்து அவர்களோடு திரும்புகின்றான். கூரை இடிந்து வீழ்கின்றது. மறுபடி விடுதியறையில் இருந்து நாட்குறிப்பை எழுதும்போது அவன் மனத்தை வருத்துவது ஒரே கேள்வி: ஓர்லா இறந்ததா, அதனுடைய ஊடுருவிச் செல்லும் உடலை நெருப்பு அழிக்குமா? இல்லையென்று தோன்றுகின்றது, அங்ஙனமாயின் தான் சாகவேண்டியதுதான் என்று எழுதி முடிக்கின்றான். மேல்மாடத்து யன்னல்களிலே அசைந்த கைகளைப் பற்றி அதன்பின் ஒரு சொல்லும் இல்லை.